சகலையின் பிரிக்காத பெட்டி

பொருள்களுக்கு மெல்லிய பிளாஸ்டிக் உறை போர்த்தி, சூடு காட்டிச் சுருங்கவைக்கும் இயந்திரத்தை இயக்குவது அவருடைய தொழில். பேனாப் பெட்டியோ பரிசுக் கோப்பையோ, எது வந்தாலும் அவர் கையை விட்டுப் போகும்போது அப்போதுதான் பிறந்ததுபோல் பளபளக்கும். பொறுமைசாலி என்று பெயர் எடுத்தவர். ஆனால் மனைவியின் அக்காள் கணவரான சகலையின் பேச்சு எழுந்தால் மட்டும் முகம் சுண்டிவிடும்.

காரணம், சகலை வீட்டுக் கண்ணாடி அலமாரி. காது மடங்கிய நரியொன்று நிலவுக்குத் தபால் கொண்டுபோகும் பழைய கார்ட்டூன் தொடர் முழுவதும், துல்லியமான ப்ளூ-ரே வட்டுகளாக, ஒரே பெட்டியில் அங்கே வீற்றிருந்தது. அந்தத் தொடருக்காகவே பள்ளி விட்டதும் ஓட்டமாய் வீடு சேர்ந்த பிள்ளை இவர். சகலைக்கோ நரிக்கும் நாய்க்கும் வித்தியாசம் தெரியாது. அலுவலகக் குலுக்கலில் விழுந்த பரிசு அது. மேலுறையைக்கூட அவர் பிரிக்கவில்லை.

“ஒரு நாள் போட்டுப் பாக்கலாமே, சகலை?”

“பிரிச்சா மவுசு போயிடும்ப்பா.”

இவருக்கு வயிறு எரிந்தது. வீடு திரும்பியதும், “அனுபவிக்கத் தெரியாத ஆளுக்குப் போய்க் கெடைச்சிருக்கு பாரு” என்று புலம்பினார்.

“விடுங்களேன். அந்த நரி என்ன உங்க மாமன் மகனா?” என்றாள் மனைவி.

புலம்பலில் ஒரு சுகமும் இருந்தது. சகலை வெறும் காவல்காரர்தானே என்று நினைத்தால் தூக்கம் நன்றாக வந்தது.

ஒரு மாலை சகலையே பெட்டியைப் பையில் மறைத்துக்கொண்டு, இவர் வேலை பார்க்கும் கடைக்கு வந்தார். தூசி தட்டும்போது கைதவறி விழுந்து உறை கிழிந்துவிட்டதாம்.

“வெளிய தெரிய வேணாம். பழையபடி ஒட்டிக் குடுத்துடு.”

“ஒட்டறேன். அதுக்கு முன்னாடி உங்க வீட்டு ப்ளேயர்ல போட்டுப் பாக்கணும்.”

“நீ என்ன சின்னப் பிள்ளையா?”

“ஆமா.”

ஞாயிற்றுக்கிழமை இரு குடும்பங்களும் சகலை வீட்டில் கூடின. நரியின் வால் மயிர் ஒவ்வொன்றும் தனித்தனியாய்த் தெரிந்தது. பின்னணி வானத்தில் தூரிகை இழுத்த தடம்கூடத் தெரிந்தது. சகலை கொட்டாவி விட்டார். இவர் உள்ளூர மகிழ்ந்தார். அப்போது நரி ஒரு கடிதத்தை மேகத்துக்குள் தவறவிட்டு, மேகத்தையே பிழியத் தொடங்கியது. சகலையின் கைப்பேசி மடியிலிருந்து நழுவியது. அவர் வயிற்றைப் பிடித்துக்கொண்டு சிரித்தார்.

“அடுத்தது போடு! என்ன ஆகும்னு சொல்லிடாத, சொல்லிடாத!”

அதன் பிறகு இவர் திரையைப் பார்க்கவே இல்லை. சகலையின் முகத்தையே பார்த்துக்கொண்டிருந்தார். முதன்முறையாகப் பார்ப்பவருக்கு மட்டுமே வாய்க்கும் முகம் அது. இனி எத்தனை பெட்டி வாங்கினாலும் இவருக்கு வாய்க்காது.

“போதும் சகலை, குடுங்க. ஒட்டிடறேன்.”

“ஒட்டறதா? பாக்கறதுக்குத்தானேய்யா இது!” சகலை பெட்டியை மார்போடு அணைத்துக்கொண்டார். “வாராவாரம் வந்துடு. நீ பக்கத்துல இருந்தாத்தான் களை கட்டும்.”

தெருவில் இறங்கியதும் மனைவி கேட்டாள்: “வர்ற ஞாயிறு வரலாமா?”

“எனக்கு வேலை இருக்கு.”

பேருந்து நிறுத்தம் வரை வேகமாய் முன்னால் நடந்தார். ஏறி உட்கார்ந்த பிறகு, ஜன்னல் பக்கம் பார்த்தபடியே, “எத்தனை மணிக்கு வரச் சொன்னாரு?” என்றார்.