தோலில்லாத மனுசனும், டிவிக்குப் பின்னால நானும்

உடம்புக்குள்ள என்ன இருக்குன்னு ஊர் ஊராப் போய்ப் படம் போட்டுக் காட்டுறதுதான் என் வேலை; அதுல கஷ்டம் என்னன்னா, உள்ள இருக்குறதையெல்லாம் வாயால சொல்லணும். நாலு பேர் பார்த்தாலே நாக்கு ஒட்டிக்கிற ஆளா இருந்தா, இதை நான் உங்களுக்கு விளக்க வேண்டியதில்லை.

படம் ரொம்பப் பழசு. அந்தக் காலத்துல பள்ளிக்கூடப் பிள்ளைகளுக்காக டிவியில போட்டதாம். பெல்பாட்டம் போட்ட ஒருத்தர் சிரிச்சுக்கிட்டே வந்து நிப்பார். அவர் பக்கத்துல ஒரு டாக்டர் வந்து குச்சியால தொட்டதும் சட்டை மறையும், தோல் மறையும், அப்புறம் உள்ளே இருக்குறது ஒவ்வொண்ணாத் தெரியும். சத்தம் மட்டும் எப்பவோ போயிருச்சு. அதனால இந்தப் படத்தைக் காட்டுற எங்க டிரஸ்ட்டோட மேடம் பக்கத்துல நின்னு பேசுவாங்க, நான் சுவிட்சு போடுவேன். மேடம் கல்யாணமாகி வெளியூர் போனதும் டிரஸ்டை நடத்துற சார் சொல்லிட்டார்: "நீதான் மனப்பாடமா வச்சிருக்கியே, நீயே பேசு. முடியலைன்னா வேற ஆள் பாக்கணும்."

ஏழாவதோட நின்னவ நான். டிவி மேசைக்குப் பின்னால ஒரு சேலையைக் கட்டி, அதுக்குள்ள உக்காந்து, கண்ணை இறுக்கி மூடிக்கிட்டுப் பேசினேன். டிவிதான் பேசுதுன்னு ஜனங்க நினைச்சுக்கிட்டாங்க. நானும் திருத்தலை.

வீட்டுல இதைச் சொல்லவே இல்லை. மாமனார் எதிர்ல நான் நின்னு பேசினதே கிடையாது. "சுவிட்சு போடுற வேலைதானே, போகட்டும்"னு அவர் சொன்னதாலதான் கைப்பிள்ளையை அத்தைகிட்ட விட்டுட்டு பஸ் ஏறவே முடிஞ்சது. கர்ப்பப்பை, பிரசவம்னு நான் சபையில பேசுறது தெரிஞ்சா அன்னைக்கோட வேலை போச்சு.

பாவம், நல்ல பிள்ளை

கொடும்பாளூர்ப் பக்கம் ஒரு ஊர். படம் முடிஞ்சு எல்லாரும் எந்திரிச்சுப் போயாச்சு. ஒரு அம்மா மட்டும் போகாம, முந்தானையால கண்ணைத் தொடைச்சுக்கிட்டு நிக்கிறாங்க. மனசைத் தொட்டிருச்சு போலன்னு எனக்கு ஒரே பெருமை. பக்கத்துல வந்து, மெதுவாக் கேட்டாங்க: "ஏம்மா, அந்தத் தம்பிக்குத் தோலைத் திருப்பிப் போட்டு விட்டாங்களா, இல்ல அப்படியே அனுப்பிட்டாங்களா?"

யாரு ஈரல்?

திருவரங்குளத்துப் பக்கம் ஒரு அக்கா, "ஈரல் வர்ற எடம் வந்ததும் நிறுத்திவை, இந்தா வந்துர்றேன்"னு என்கிட்ட சொல்லிட்டு ஓடிச்சு. போய் வீட்டுக்காரரைக் கையைப் பிடிச்சு இழுத்துக்கிட்டு வந்து டிவி முன்னாடி நிறுத்திருச்சு. "பாரு, நல்லாப் பாரு. தெனமும் ஊத்துறியே, இங்கிட்டுத்தான் போய் அரிக்குது."

நான் சேலை ஓரமா எட்டிப் பார்த்தேன். அவர் குனிஞ்சு, நிதானமாப் பார்த்தார். டிவியை லேசாத் தட்டியும் பார்த்தார். அப்புறம் சொன்னார்: "இது அந்தாளு ஈரல். என்னோடதை எடுத்துக் காட்டு, நாளையிலேர்ந்து நிறுத்திர்றேன்."

அதே ஊர்ல கறிக்கடை வச்சிருக்குற அண்ணன் ஒருத்தரும் அந்த ஈரலை ரொம்ப நேரம் பார்த்துட்டு உதட்டைப் பிதுக்கினார்: "கழுவாம காட்டுறாங்க, எவன் வாங்குவான்?"

எங்க ஊருக்கே வந்துருச்சு

ஒருநாள் சார், "அடுத்தது வல்லத்திராக்கோட்டை"ன்னார். நான் வாக்கப்பட்ட ஊர். அன்னைக்குப் பார்த்து மாமனார் முன்வரிசையில சேர் போட்டு உக்காந்திருந்தார். சேலைக்குப் பின்னாலேர்ந்து அவர் செருப்பு மட்டும் எனக்குத் தெரியுது.

வழக்கம்போலக் கண்ணை மூடினேன். படத்துல இதயம் வர்றப்போ மாமனார் பக்கத்துல யார்கிட்டயோ சொல்றது கேட்டுச்சு: "டிவியில இந்தப் பொம்பளை என்ன தெளிவாச் சொல்லுது பாத்தியா? நம்ம வீட்டுலயும் ஒண்ணு இருக்கே, சாப்பிட்டீங்களான்னு கேக்கக்கூட வாய் வராது."

பல்லைக் கடிச்சுக்கிட்டுப் பேசினேன். கர்ப்பப்பை வந்துச்சு. பிள்ளை வளருது, தலை கீழே திரும்புது, வலி எடுக்குதுன்னு சொல்லிக்கிட்டே போறேன். என்னடா, ஒரே அமைதியா இருக்கேன்னு கண்ணைத் தொறந்தா ஃபேன் சுத்தலை, டிவி செத்துக் கிடக்கு. கரண்டு போய் எவ்வளவு நேரமாச்சோ, நான் பாட்டுக்குப் பிரசவம் பார்த்துக்கிட்டு இருந்திருக்கேன்.

பின்னாலேர்ந்து ஒரு பொம்பளை கத்துச்சு: "ஐயோ மாமா, இது உங்க மருமக குரலாச்சே!"

அந்தச் செருப்பு ரெண்டும் அசையலை. பஸ்ஸு, வேலை எல்லாம் இன்னையோட முடிஞ்சுதுன்னு சேலையைப் பிடிச்சுக்கிட்டு உக்காந்திருந்தேன். மாமனார் தொண்டையைச் செருமினார்.

"ஏன்ம்மா நிறுத்திட்ட? பிள்ளை இன்னும் வெளியில வரலையில்ல, அதை முடிச்சு விடு."

இந்த வேலைக்கு டிவி, படம், கரண்டு எல்லாம் வேணும்னு சார் இன்னமும் சொல்லிக்கிட்டுத்தான் இருக்கார். எனக்கென்னவோ மாமனார் ஒருத்தர் சம்மதிச்சாப் போதும்னுதான் தோணுது.