நைனா பம்பாய்க்குப் போகாத வருஷம்

எங்கள் வீட்டுக்கு முதலில் நைனாவின் குரல் வரும். அதற்குப் பிறகுதான் நைனா வருவார். உத்திரமேரூரிலிருந்து முதல் பஸ்ஸில் வந்து ரோட்டில் இறங்கி, மார்கழிப் பனிக்குள் ஏரிக்கரை வழியாக நடந்து வருகிறவர் கண்ணுக்குத் தெரியமாட்டார். எதிரில் வருகிறவர்களோடு அவர் பேசுவது மட்டும் கேட்கும். "நல்லா கீறியா? ஆமா, இப்பதான் வந்துக்கினு கீறேன்!" என்று அவர் ஒரு ஆளை விசாரித்தால் ஊரையே விசாரித்ததாகிவிடும். அம்மா அடுப்பின் முன்னாலிருந்து எழுந்து, தலையை அவிழ்த்து முடிந்துகொண்டு, ஒன்றும் காதில் விழாதவள் மாதிரி மறுபடியும் அடுப்பின் முன்னால் உட்கார்ந்துகொள்வாள்.

நைனாவுக்குப் பம்பாயில் மில் வேலை. தறிகள் ஓடுகிற கொட்டகைக்குள் பக்கத்தில் நிற்பவர் அலறினாலும் கேட்காதாம். அந்தச் சத்தத்தில் வருஷக்கணக்காக நின்றதில் அவருக்குக் காது மந்தமாகிவிட்டது. மெதுவாகப் பேசுவது எப்படி என்பதே மறந்துபோயிருந்தது. அவர் வீட்டுக்குள் தண்ணீர் கேட்டு, எதிர்வீட்டுக்காரி சொம்போடு வந்து நின்ற கதை எங்கள் தெருவில் உண்டு. இருந்த நிலம் பெரியப்பா ஒருவருக்கே போதாது, அதனால்தான் தம்பி பம்பாய்க்குப் போனார் என்பதெல்லாம் நான் வளர்ந்த பிறகு தெரிந்துகொண்டது. அப்போது என் நினைப்பு, நைனா என்றால் பம்பாயில்தான் இருப்பார் என்பது.

அவ்வளவு சத்தத்தில் வேலை செய்கிறவர்கள் ஒருவரோடொருவர் எப்படிப் பேசிக்கொள்வார்கள்? வாயை மட்டும் அசைப்பார்களாம். உதட்டைப் பார்த்தே எல்லாம் புரிந்துகொள்வார்களாம். அந்த வித்தையை நைனா எனக்கும் கற்றுக்கொடுத்தார். தெருவின் இந்தப் பக்கம் அவர், அந்தப் பக்கம் நான். "துன்னியா?" என்று அவர் உதடு கேட்கும். "துன்னேன், நீ?" என்று என் உதடு சொல்லும். ஊரிலேயே உரக்கப் பேசுகிற மனிதரும் நானும் சத்தமே இல்லாமல் சாயங்காலம் முழுக்கப் பேசிக்கொண்டிருப்போம். அம்மாவுக்கு மட்டும் அது வரவே இல்லை. இரண்டு வார்த்தைக்குள் சிரித்துவிடுவாள்.

மற்ற நேரமெல்லாம் நைனா தூங்கினார். நைட் ஷிப்ட் பார்த்துப் பார்த்து, பகல் என்றால் படுக்கை என்று அவர் உடம்புக்குப் பழகியிருந்தது. காலை நாஷ்டா ஆனதும் பாயை விரிப்பார். நான் பக்கத்தில் உட்கார்ந்து ஈ ஓட்டுவேன். தூக்கத்தில் அவருடைய விரல்கள் அசையும். கட்டை விரலும் ஆள்காட்டி விரலும் சேர்ந்து எதையோ எடுத்து, முறுக்கி, முடிச்சுப் போடும். கொஞ்ச நேரம் சும்மா இருந்துவிட்டு மறுபடியும் முறுக்கும். "அறுந்துபோன நூல முடி போட்றாரு, எய்ப்பாத" என்பாள் அம்மா. எங்கள் கூரையின் கீழே படுத்துக்கொண்டு பம்பாயில் வேலை செய்கிறவரைப் பார்த்தபடி நானும் தூங்கிப்போவேன். விழிக்கும்போது வெயில் மஞ்சளாகியிருக்கும். இது காலையா மாலையா, பக்கத்தில் படுத்திருப்பது நைனாவா அல்லது நைனாவைப் பற்றிய கனவா என்று கொஞ்ச நேரம் தெரியாது. பொங்கல் முடிந்து அவர் மறுபடியும் பனிக்குள் நடந்துபோன பிறகு அந்தச் சந்தேகம் இன்னும் பலமாகிவிடும். கொடியில் அவர் விட்டுப்போன லுங்கி தொங்குகிறதா என்று போய்ப் பார்ப்பேன். தொங்கினால் வந்துபோனது நிஜம்.

நான் இரண்டாம் வகுப்புப் படித்த வருஷம், திரும்பிப் போவதற்கு அவருக்குப் புதன்கிழமைக்குத்தான் டிக்கெட் கிடைத்தது. செவ்வாயும் புதனும் வடக்கே சூலம், அந்தத் திசையில் பயணம் கிளம்பக்கூடாது. காஞ்சிபுரம் போய், அங்கிருந்து அரக்கோணம் போய் பம்பாய் ரயிலைப் பிடிக்கிறவர் வடக்கே பார்த்துத்தான் நடந்தாக வேண்டும். ரயில்வேக்காரர்கள் சூலம் பார்த்து வண்டி விடுவதில்லை. இதற்குத்தான் எங்கள் பக்கத்தில் பரஸ்தானம் என்று ஒரு வழி வைத்திருந்தார்கள். நல்ல நாளாகப் பார்த்து, போகிறவரின் பெட்டியை மட்டும் முன்கூட்டியே வீட்டை விட்டுக் கிளப்பி, போகிற திசையில் இன்னொரு வீட்டில் வைத்துவிடுவது. பெட்டி கிளம்பிவிட்டால் ஆளும் கிளம்பிவிட்டதாகக் கணக்கு. அதன்பிறகு எந்தக் கிழமையில் போனாலும் சூலம் ஒன்றும் செய்யாது. ஒரே ஒரு நிபந்தனை, வெளியே போன பெட்டி திரும்ப வீட்டுக்குள் வரக்கூடாது. வந்தால் பயணம் கெட்டுப்போகும்.

வியாழக்கிழமை காலையில் பெட்டி புறப்பட்டது. பச்சைத் தகரப் பெட்டி. துவைத்த சட்டைகள், ஒரு டப்பா ஊறுகாய், துணியில் சுற்றிய அதிரசம் எல்லாம் அதற்குள் இருந்தன. தெருவின் வடக்குக் கோடியில் இருந்த அத்தை வீட்டுக்கு நைனா அதைத் தூக்கிக்கொண்டு போனார். அத்தை என்றால் நைனாவின் அக்கா. அம்மா வாசலில் நின்று உண்மையாகவே வழியனுப்பினாள். முந்தானையால் கண்ணைக்கூடத் துடைத்துக்கொண்டாள். கொஞ்ச நேரத்தில் நைனா வெறுங்கையோடு திரும்பி வந்து சோறு போடச் சொன்னார்.

எனக்கு அது பெரிய அதிசயமாக இருந்தது. கணக்குப்படி ஊருக்குப் போய்விட்டவர் எங்கள் வீட்டில் உட்கார்ந்து மொச்சைக்கொட்டைக் குழம்பு சாப்பிடுகிறார். அத்தை வீட்டில் இருக்கும் பெட்டியைப் பார்த்து சாமிகளெல்லாம் ஏமாந்திருக்கின்றன, நைனாவை நாங்கள் யாருக்கும் தெரியாமல் வீட்டில் ஒளித்து வைத்திருக்கிறோம் என்று நினைத்தேன். அன்றைக்கு அவர் தூங்கும்போது, எங்கே மறைந்துபோய்விடுவாரோ என்று அவர் பனியனின் ஓரத்தைப் பிடித்துக்கொண்டே உட்கார்ந்திருந்தேன். இப்படியே வைத்துக்கொள்ள முடிந்தால் எவ்வளவு நன்றாக இருக்கும் என்றிருந்தது.

சாயங்காலம் ஏரிக்கரைப் பொன்னியம்மனிடம் போனேன். சும்மா கேட்டால் சாமி தராது, ஏதாவது கொடுப்பதாகச் சொல்ல வேண்டும் என்று எனக்குத் தெரியும். தேங்காய் கடையில் இருந்தது. கோழி பெரியம்மாவுடையது. எனக்கே எனக்கென்று இருந்தது முதுகில் தொங்கிய சடை ஒன்றுதான். நைனா பம்பாய்க்குப் போகாமல் இருந்தால் அதை அப்படியே தந்துவிடுவதாகச் சொன்னேன். அம்மாவுக்கு என் சடையின் மேல் எவ்வளவு பெருமை என்று எனக்குத் தெரியாமல் இல்லை. பெரிய விஷயத்துக்குப் பெரியதாகத்தானே கொடுக்க வேண்டும்?

செவ்வாய்க்கிழமை நைனாவும் நானும் ஏரிக்குப் போனோம். அந்த வருஷம் நல்ல மழை. தை பிறந்தும் ஏரி நிரம்பிக் கலங்கலில் தண்ணீர் வழிந்துகொண்டிருந்தது. கல் கட்டின் மேலே விழுந்து, நுரைத்து, இரைச்சலோடு வாய்க்காலில் இறங்கியது. அதற்கு அந்தப் பக்கம் பனிக்குள்ளிருந்து ஒருவர் சைக்கிளைத் தள்ளிக்கொண்டு வந்து நின்றார். மாகறல் ஊர்க்காரர், நைனாவோடு அதே மில்லில் வேலை. பொங்கலுக்குக்கூட நிற்காமல் முன்னாலேயே பம்பாய்க்குப் போனவர். அவரைப் பார்த்ததும் நைனாவின் முகம் மாறியது.

சைக்கிளோடு அந்தத் தண்ணீரைத் தாண்ட முடியாது. ஆனால் இருவரும் மில்காரர்கள் ஆயிற்றே. இரைச்சலுக்கு அந்தப் பக்கம் நின்றபடி அவர் உதட்டை அசைக்க ஆரம்பித்தார். நானும் படித்தேன். "மில்லு நின்னுபோச்சி. எல்லா மில்லும் நின்னுபோச்சி. கேட்டுல பூட்டு. வராத. வந்து பிரயோஜனமில்ல." நைனா ஏதோ கேட்டார். "தெரியல. யாருக்கும் தெரியல" என்று அந்த உதடு சொன்னது. பிறகு அவர் கையைத் தூக்கிக் காட்டிவிட்டு, சைக்கிளைத் திருப்பிக்கொண்டு பனிக்குள் போய்விட்டார். நைனா கலங்கல் கல்லின்மேல் உட்கார்ந்தார். வேட்டி நனைவதைக்கூட அவர் பார்க்கவில்லை. நான் எதிரில் போய் நின்று, நீ போகவில்லையா என்று உதட்டால் கேட்டேன். "போவல கண்ணு" என்று அவர் உதடு அசைந்தது.

எனக்குத் தலைகால் புரியவில்லை. பொன்னியம்மன் இவ்வளவு சுறுசுறுப்பு என்று நான் எதிர்பார்க்கவே இல்லை.

விஷயத்தை அம்மாவிடம் மட்டும் சொல்ல வேண்டும் என்று நைனா அவளைப் பின்கட்டுக்குக் கூப்பிட்டுப் போனார். அவர் இரகசியம் சொன்னால் எப்படியிருக்கும்? அம்மா கேட்ட அதே நேரத்தில் தெருவும் கேட்டது. அத்தை ஓடிவந்தாள். "பெட்டிய எடுத்தாந்துடட்டா?" என்றாள். அம்மாவுக்கு எங்கிருந்துதான் அவ்வளவு கோபம் வந்ததோ! "அது அங்கியே இருக்கட்டும் அண்ணி. அவரு கெளம்பியாச்சி. இன்னிக்கி இல்லன்னா நாளைக்கி தொறப்பான். பெட்டிய யாரும் தொடாதீங்க" என்றாள்.

புதன்கிழமை போயிற்று. நைனா அன்றைக்கும் பாயில் படுத்துத் தூங்கினார், விரல்கள் முடிச்சுப் போட்டன. பெட்டி அத்தை வீட்டிலேயே இருந்தது. உடுத்தச் சட்டை இல்லாமல் நைனா பெரியப்பாவின் பழைய சட்டையைப் போட்டுக்கொண்டு திரிந்தார். அது அவருக்குத் தோளில் நிற்கவில்லை. பிறகு அறுவடைக்குப் போனார். நூலைத் தவிர வேறொன்றையும் பிடித்துப் பழகாத விரல்களை அரிவாள் அறுத்தது. துணி சுற்றிய கையோடு வந்து படுத்தவர் இப்போது ராத்திரியிலும் தூங்க ஆரம்பித்தார். நான் அவரோடு வயலுக்குப் போனேன், வரப்பில் உட்கார்ந்து உதட்டால் பேசினேன், அவர் தோளில் ஏறி வீட்டுக்கு வந்தேன். பனி மெல்ல மெல்லக் குறைந்து, காலையிலேயே அவர் முகம் தெளிவாகத் தெரிய ஆரம்பித்தது. என் வாழ்க்கையில் அப்படியொரு சந்தோஷமான காலம் அதற்கு முன்னும் இல்லை, பின்னும் இல்லை. எங்கள் தெருவிலேயே அப்போது சந்தோஷமாக இருந்தது நான் ஒருத்திதான் என்பதை நான் கவனிக்கவில்லை.

மாசி பிறந்த பிறகு ஒருநாள் அத்தை வந்து வாசலிலேயே நின்றாள். "கோச்சுக்காதமா. பெட்டியில எறும்பு ஏறிக்கினு கீது. நான் இன்னா பண்ணட்டும்?" என்றாள்.  அம்மா யாரையும் கூப்பிடாமல் தானே தெருவில் நடந்துபோய், பச்சைப் பெட்டியை இடுப்பில் வைத்துத் தூக்கிக்கொண்டு வந்து நடுவீட்டில் இறக்கினாள். பம்பாய்க்குப் போக வேண்டிய அதிரசத்தை எறும்பு தட்டி எனக்கு ஒன்று கொடுத்தாள். சட்டைகளை எடுத்துக் கொடியில் போட்டாள். நைனா சுவரோரம் உட்கார்ந்து பார்த்துக்கொண்டிருந்தார்.

வாயில் அதிரசத்தோடு நான் சொன்னேன், "எம்மா, பொன்னியம்மனுக்கு என் முடியக் குடுக்கணும்."

"எதுக்குடி?"

"நைனா போவக்கூடாதுன்னு வேண்டிக்கினேன். போவல இல்ல?"

பாராட்டுவார்கள் என்று காத்திருந்தேன். அத்தை வாயைப் பொத்திக்கொண்டாள். அம்மா கையிலிருந்த சட்டையைக் கீழே போட்டுவிட்டு என்னைப் பார்த்தாள். அப்புறம் ஏரி இருக்கும் திசையைப் பார்த்தாள். "நானும்தான் தெனம் வௌக்கு வெச்சிக்கினு கீறேன். என்னுது ஒண்ணும் காதுல வுயல. இவ சொன்னது மட்டும் கேட்டுச்சா அதுக்கு?" என்றாள். அடிக்கத்தான் கையை ஓங்கினாள்.

"அடிக்காத!" என்று நைனா போட்ட சத்தத்தில் தெருவில் போன மாடு நின்றது. "கொய்ந்த எனக்காவ வேண்டிக்கினு கீது. வேண்டிக்கினா குடுத்துடணும். வெள்ளிக்கெயம போவலாம்."

வெள்ளிக்கிழமை காலையில் அம்மா எனக்கு எண்ணெய் வைத்துச் சடை பின்னினாள். இன்னும் கொஞ்ச நேரத்தில் போகப்போகிற முடிக்கு எதற்கு இவ்வளவு சிக்கெடுப்பது என்று எனக்குப் பொறுமை போய்விட்டது. கோயிலின் பக்கத்தில் வேப்ப மரத்தடியில் நைனா என்னை மடியில் வைத்துக்கொண்டு உட்கார்ந்தார். மழிக்க வந்தவர் சடையைக் கையில் எடுத்துப் பார்த்துவிட்டு, "இவ்ளோ முடிய எறக்கறீயே, இன்னா வேண்டுதலுபா?" என்று கேட்டார்.

நைனா கரை முழுவதும் கேட்கும்படி சொன்னார், "நான் எங்கியும் போவாம இவகூடவே இருக்கணும்னு வேண்டிக்கினா. அம்மன் குடுத்துட்டா!"

அந்த ஆளின் கத்தி சிறிது நேரம் அப்படியே நின்றது. பிறகு ரொம்ப மெதுவாக நகர்ந்தது. மொட்டைத் தலையில் அம்மா சந்தனம் பூசினாள். காற்று பட்டுத் தலை ஜிலுஜிலுவென்றிருந்தது. எனக்குப் பறப்பது மாதிரி இருந்தது.

அந்த மில் மறுபடியும் திறக்கவே இல்லை. நைனா செங்கல் சூளை, லாரி, கல் குவாரி என்று எங்கெல்லாமோ போய்ப் பார்த்தார். அதெல்லாம் பிற்பாடு. அன்றைக்கு அம்மா கற்பூரம் ஏற்ற, நைனா பொன்னியம்மன் முன்னால் நெடுஞ்சாண்கிடையாக விழுந்தார். கற்பூரம் எரிந்து தணிந்தது. அவர் எழுந்திருக்கவில்லை. முகத்தை மண்ணில் வைத்தபடியே கிடந்தார். முதுகு மட்டும் ஏறி இறங்கிக்கொண்டிருந்தது. அம்மா அந்தப் பக்கம் திரும்பி நின்றாள். வருஷம் முழுக்கப் பம்பாயில் இருந்தவருக்கு எங்கள் அம்மனிடம் எப்படி நன்றி சொல்வது என்பது மறந்துபோயிருக்கும், பாவம், வார்த்தை தேடிக்கொண்டிருக்கிறார் என்று நினைத்தேன். பக்கத்தில் போய் மண்டியிட்டு, அந்த மந்தக் காதில் விழ வேண்டுமே என்று என்னால் முடிந்த மட்டும் கத்தினேன்.

"எய்ந்திரு நைனா, நானே சொல்லிட்டேன்!"