பதின்மூன்று பங்குக் கயிறு

என் மகள் ஓர் உலகத்தை உண்டாக்கினாள். அதன் அத்திவாரத்தைச் சரிபார்க்க ஆள் தேவைப்பட்டபோது என்னிடம்தான் வந்தாள். வேறு யாரிடம் போவாள்?

ஐந்தாம் வகுப்போடு பள்ளிக்கூடத்துக்கு ஸலாம் சொல்லிவிட்டு, சொறிக்கல்முனையில் ஒரு மேசனுக்குச் சாந்து குழைத்துத் தொழில் பிடித்தவன் நான். இன்று கல்முனையிலிருந்து பொத்துவில் வரைக்கும் நான் மூலை வைத்த வீடுகள் நிற்கின்றன. எங்கள் கரையில் வீடுகள் தெருவைப் பார்த்து நிற்கும். தொழும் திசையான கிப்லாவோ அதற்குச் சற்றுக் கோணலாக விழும். கொமட்டில் உட்காருகிறவரின் முகமோ முதுகோ கிப்லாவுக்கு நேரே இருக்கக் கூடாது. படித்த எஞ்சினியர்மார் கீறிய பிளான்களில் அந்தப் பிழையைக் கண்டுபிடித்துத் திருப்பி வைத்தவன் நான். எஞ்சினியர்மார் நன்றி சொன்னதில்லை. பரவாயில்லை, உட்காருகிறவர்களுக்குத் தெரியும்.

மகள் பள்ளிக்கூடத்தில் தமிழ் படிப்பிக்கிறாள். எங்கள் வழக்கப்படி வீட்டை அவளுக்குச் சீதனமாகக் கொடுத்துவிட்டு, நானும் மனைவியும் அதே வளவில் பின்பக்கம் ஒரு சின்ன வீட்டில் இருக்கிறோம். இரண்டு வருடமாக அவள் ஒரு மாய உலகத்தைப் பற்றி நாவல் எழுதிக்கொண்டிருந்தாள். ஒருநாள் தாள்களோடு வந்தாள்.

"வாப்பா, இந்த உலகத்துக்கு அடியில ஒரு கயிறு கெடக்கு."

"படச்சவன் இரிக்கக்குள்ள கயிறு என்னத்துக்கு புள்ள?"

"இது கதை வாப்பா. கதைக்குள்ள நான்தான் கட்டுறன்."

"அப்ப மேசன் வேல எண்டு சொல்லு."

அவள் விளக்கினாள். நாங்கள் மேசன்மார் கயிற்றைப் பன்னிரண்டு பங்காக்கி, மூன்று, நாலு, ஐந்து என்று மூன்று பக்கமாக இழுத்துப் பிடிப்போம். சரியான மூலை விழும். அவளுடைய உலகத்தில் ஒரு பங்கு கூட: பதின்மூன்று. நாலு, நாலு, ஐந்து. அப்படி ஏழு முக்கோணங்கள். ஒவ்வொன்றிலும் ஒரு கூரான மூலை நடுவில் ஒரே முளைக்குற்றியில் சேரும்படி ஏழையும் சுற்றி அடுக்கினால் வட்டம் மூடிவிடும். அந்தக் கோடுகளின் மேல்தான் அங்கே மழை பெய்கிறது, வேளாண்மை விளைகிறது, பிள்ளை பிறக்கிறது. ஏழும் ஒட்டி நிற்பதால் அந்த உலகத்தில் எதுவுமே தொலைந்து போவதில்லை. செத்தவர்களின் குரல் கூட எங்கேயோ ஒரு மூலையில் இருக்குமாம். கதை முழுக்க அதில்தான் நிற்கிறது.

"தாளில கீறிப் பாத்தன், பொருந்துற மாதிரித்தான் இரிக்கி. நிலத்தில பெரிசாப் புடிச்சுப் பாத்துச் சொல்லுங்க வாப்பா. அச்சுக்குக் குடுக்கப் போறன்."

மறுநாள் அவள் பள்ளிக்கூடம் போனதும் தொடங்கினேன். பங்குக்கு இரண்டு அடி வைத்து வளவில் குற்றி அடித்தேன். ஆறு முக்கோணம் அழகாக உட்கார்ந்தது. ஏழாவது முதலாவதைத் தொடவில்லை. வெளி விளிம்பில் இரண்டு விரல் இடைவெளி.

கயிறுதான் பிழை என்று நினைத்தேன். நைலோன் கயிறு இழுபடும். அதை வீசிவிட்டுக் கட்டுக்கம்பி எடுத்தேன். இரண்டு விரல். டேப் வைத்து அளந்தேன். அதே இரண்டு விரல். என் கைக்கு இப்படி நடந்ததே இல்லை.

"வளவு முழுக்கக் குத்தி. கோழி நடக்க வழியில்ல" என்றாள் மனைவி, குசினி வாசலில் நின்று.

மகள் வரும் நேரமாகிவிட்டது. எங்கள் தொழிலில் சுவர் அரை அங்குலம் தள்ளி நின்றால் யாரும் உடைப்பதில்லை, பூச்சைக் கொஞ்சம் தடிப்பாகப் போடுவோம். பூச்சு எல்லாவற்றையும் தின்னும். கடைசிக் குற்றியைப் பிடுங்கி, இரண்டு விரல் தள்ளி அடித்தேன்.

"பொருந்திச்சா வாப்பா?"

"மயிர் நுழையாது."

அவள் முகத்தைப் பார்க்க வேண்டுமே! தாள்களை அன்றைக்கே அச்சகத்துக்குக் கொண்டு போனாள்.

சில கிழமை கழித்து, அச்சுக்கு முன் பார்க்கவென்று கொடுத்த பக்கங்களைக் கொண்டுவந்தாள். முதல் பக்கத்தை என்னிடம் நீட்டினாள். எழுத்துக் கூட்டி இரண்டு முறை வாசித்தேன். 'இந்த உலகத்தின் கணக்கைக் கயிறு பிடித்துச் சரிபார்த்தவர் என் வாப்பா. அவர் வைத்த மூலை ஒருநாளும் பிழைத்ததில்லை.'

அஸர் தொழுதுவிட்டு வந்த நாலு பேருக்காவது அதை வாசித்துக் காட்டியிருப்பேன். வீட்டுக்கு வந்ததும் மனைவி பிடித்துக்கொண்டாள்.

"கடைசிக் குத்திய நீங்க நகத்தி அடிச்சத நான் பாத்தன்."

"அது பூச்சில போயிரும்."

"பொத்தகத்துக்கு எங்க பூச்சுப் பூசுவீங்க? அவள்ட வகுப்புப் புள்ளையள் ஒரு நூல எடுத்துப் புடிச்சுப் பாத்தா? சிரிப்பு ஒங்களுக்கா, அவளுக்கா?"

அதை நான் யோசித்திருக்கவில்லை. வீடு கோணினால் மேசனைத் திட்டுவார்கள். நாவல் கோணினால் எழுதினவளைத்தான் திட்டுவார்கள்.

மகளைக் கூப்பிட்டு, வளவில் மறுபடியும் குற்றி அடித்தேன். இந்தமுறை நகர்த்தவில்லை. அவள் குனிந்து அந்த இடைவெளிக்குள் இரண்டு விரலை வைத்துப் பார்த்தாள்.

"அண்டைக்கும் இப்படித்தான் இருந்திச்சா?"

"ஓம்."

"அப்ப ஏன் வாப்பா?"

"என்ட கைக்குப் பொருந்தாம ஒண்டு இருக்கும் எண்டு எனக்கே தெரியா புள்ள."

அவள் எழுந்தாள். உள்ளே போய் அச்சகத்துக்குப் போன் எடுத்தாள். "நிப்பாட்டுங்க, நான் திருப்பி எழுதணும்" என்றது எனக்குக் கேட்டது. மறுகா நாலு மாதம் எழுதினாள். புதுக் கதையில் அந்த இரண்டு விரல் இடைவெளி வழியாக உலகத்திலிருந்து பொருட்கள் தொலைகின்றன. ஒரு தாய் இறந்துபோன மகனின் குரலைத் தேடி இடைவெளியின் பக்கத்தில் போய்க் குந்துகிறாள். அந்த இடம் வாசிக்கும்போது என் மனைவி அழுதாள். நானும் கொஞ்சம்.

புத்தகம் வந்தது. முதல் பக்கத்தைப் புரட்டினேன். நன்றி என்று தன் உம்மாவைப் போட்டிருந்தாள். என்னைக் காணவில்லை.

"இடைவெளியக் கண்டு புடிச்சவன் நான்" என்றேன்.

"ஓம் வாப்பா. ஒளிச்சதும் நீங்கதான்."

"அதுக்கு?"

"ஒண்டுக்கு ஒண்டு சரி. தேத்தண்ணி குடிங்க."

குடித்தேன். ஆனால் யார் கேட்டாலும் சொல்வேன்: எஞ்சினியர் படிப்புப் படித்த எவனுக்கும் அந்த இரண்டு விரல் தென்பட்டிருக்காது.