ஆழ்ந்த கவலைக்குப் பிறகு வரும் கப்பல்

எங்கள் வீட்டில் அமெரிக்காவைப் பற்றி ஒரு சொந்தக்காரரைப் பற்றிப் பேசுவதுபோல் பேசியவர் மாமா ஒருவர்தான். மாமா, அம்மாவின் மூத்த சகோதரர். முல்லைத்தீவுக் கரையில் பிறந்து, மீசை அரும்ப முன்பே கடலுக்குப் போனவர். நான் சிறு பிள்ளையாக இருக்கும்போதே அப்பா காய்ச்சலில் போய்விட்டதால் எங்கள் வீட்டையும் அவரே பார்த்துக்கொண்டார். அவருக்கும் மாமிக்கும் பிள்ளைகள் இல்லை. நானும் தம்பியும் பாதி நாள் மாமியின் குசினியில்தான் வளர்ந்தோம்.

மாமாவின் நம்பிக்கைக்குக் காரணம் இருந்தது. கடல் ஊருக்குள் புகுந்து எல்லாவற்றையும் அள்ளிக்கொண்டுபோன காலத்தில் வெள்ளைக்காரர்கள் வந்து கூடாரம் போட்டுத் தந்தார்கள். மாமாவுக்கு நீல நிறத்தில் ஒரு வள்ளமும் புது எஞ்சினும் கிடைத்தன. அவர்கள் எந்த நாட்டவர்கள் என்று எங்களில் யாருக்கும் சரியாகத் தெரியாது. மாமாவின் கணக்கில் வெள்ளைக்காரர் எல்லோரும் அமெரிக்கர்களே.

பிறகு சண்டை வந்தது. ஊர் ஊராக இடம்பெயர்ந்து, கடைசியில் ஒரு பக்கம் கடலும் மறுபக்கம் நீரேரியுமாக இருந்த ஒரு மணல் துண்டில் தறப்பாள் கூடாரம் கட்டிக்கொண்டு இருந்தோம். மாமா தன் வள்ளத்தைக் கைவிடவில்லை. கரையோரமாகவே ஓட்டிவந்து, தென்னோலைகளால் மூடி வைத்திருந்தார். எஞ்சினுக்கு ஒரு கான் மண்ணெண்ணெய் இருந்தது. அதை மாமி சீலைத் துணியால் சுற்றி, மணலில் வெட்டிய பங்கருக்குள் தலைமாட்டில் வைத்துப் படுப்பார்.

மாமாவுக்குக் காற்றைத் தெரியும். வாடை எப்போது விழும், சோளகம் எப்போது பிடிக்கும் என்று முகத்தைத் திருப்பிப் பார்த்தே சொல்லிவிடுவார். கடல் விஷயத்தில் அவர் சொன்னது பிழையாய்ப் போனதை நான் கண்டதில்லை. அதே மாதிரித்தான் றேடியோச் செய்தியையும் கேட்டார். பெரிய நாடு, அதாவது அமெரிக்கா, முதலில் கவலை தெரிவிக்கும். பிறகு ஆழ்ந்த கவலை. அதற்குமேல் கண்டனம், அதற்கும்மேல் வன்மையான கண்டனம். அதற்குப் பிறகு சொல் இல்லை, கப்பல்தான். காயப்பட்டவர்களை ஏற்ற இடைக்கிடை வந்துபோன கப்பலை அவர் கணக்கில் எடுக்கவில்லை. அவர் சொன்னது எல்லோரையும் ஏற்றுகிற பெரிய கப்பலை.

அக்கம்பக்கத்துத் தறப்பாள்களில் இருந்தவர்களும் செய்தி முடிந்ததும் மாமாவிடம் வருவார்கள். "இண்டைக்கு என்னவாம்?" என்று கேட்பார்கள். "ஆழ்ந்த கவலைக்கு வந்திட்டாங்கள்" என்பார் மாமா. கேட்டவர்கள் கொஞ்சம் தெளிந்த முகத்தோடு கஞ்சிக்குப் போவார்கள்.

கப்பல் கரைக்கு வராது, ஆழத்தில்தான் நிற்கும் என்பதையும் மாமா யோசித்து வைத்திருந்தார். ஆட்களைக் கப்பல்வரை கொண்டுபோக வள்ளம் வேண்டும். முதலில் காயக்காரர், பிறகு வயது போனவர்கள், பிறகு கைக்குழந்தைக்காரர் என்று அவரே ஒழுங்கு போட்டிருந்தார். பள்ளிக்கூடத்தில் எனக்கு ஆங்கிலம் நன்றாக வந்ததால் கப்பல்காரர்களோடு பேசுகிற வேலை என்னுடையது. "நாங்கள் சனங்கள், சண்டைக்காரர் இல்லை எண்டதை இங்கிலீசிலை சொல்லு பாப்பம்" என்பார். நான் மணலில் நேராக நின்று, "வீ ஆர் சிவிலியன்ஸ், சேர்" என்பேன். மாமி சிரித்துக்கொண்டு என் தலையை வாரிவிடுவார். கப்பலில் ஐஸ்கிறீம் இருக்குமா என்பதுதான் தம்பியின் கவலை. அந்த நாட்களில் நான் ஒரு பயணத்துக்கு ஆயத்தமாகிற பிள்ளையின் சந்தோசத்தோடு இருந்தேன் என்பதை இன்று நினைக்க மனம் கூசுகிறது.

ஒருநாள் பின்னேரம் பக்கத்துத் தறப்பாள்காரர் வந்தார். அவரும் கடல்தொழில் செய்தவர். இருட்டினதும் தன் குடும்பத்தோடு வள்ளத்தில் வெளிக்கிடப்போவதாகவும், இரண்டு வள்ளமும் சேர்ந்து போனால் ஒன்றுக்கொன்று துணை என்றும் சொன்னார். அவர் போனதும் அம்மா எங்கள் உடுப்புகளைப் பையில் வைக்கத் தொடங்கினார்.

மாமா மறுத்தார். "கடலிலை நேவி சுடுவான். கரையிலை துவக்கோடை நிக்கிற எங்கடை ஆக்களே விடமாட்டாங்கள். இந்தச் சின்னதுகளை ஏத்திக்கொண்டு நான் எங்கை போறது?"

"இஞ்சை இருந்தால் மட்டும் சுடமாட்டாங்களோ, அண்ணை?"

"அவங்கள் ஆழ்ந்த கவலை எண்டு சொல்லிப்போட்டாங்கள். கடல் வந்தபோது வந்தவங்கள் இப்ப வராமல் விடுவாங்களோ? கப்பல் வாற நேரம் என்ரை வள்ளம் இல்லாட்டி இந்தக் காயக்காரரை ஆர் ஏத்துறது?"

"அவங்கள் கவலைப்பட்டால் எங்களுக்கென்ன அண்ணை? நாங்கள் போவம்."

மாமி அம்மாவின் கையைப் பிடித்து, "அவர் சொன்னால் சரியாத்தான் இருக்கும், மச்சாள்" என்றார். அம்மா பையிலிருந்த உடுப்புகளை ஒவ்வொன்றாக வெளியே எடுத்து வைத்தார். எனக்குச் சந்தோசம். கப்பலை விட்டுவிட்டு வள்ளத்தில் போக எந்தப் பிள்ளைதான் விரும்பும்?

பக்கத்துத் தறப்பாள்காரர் குடும்பத்தோடு பத்திரமாகக் கரைசேர்ந்தார் என்பது பல மாதங்களுக்குப் பிறகுதான் எங்களுக்குத் தெரிந்தது.

அவர்கள் போய் ஒரு கிழமை இருக்கும். வள்ளத்தின் மேல் கிடந்த ஓலை காய்ந்து, நீலம் வெளியே தெரியத் தொடங்கியிருந்தது. பச்சை ஓலை வெட்டி மூடிவிட்டு வரும்படி மாமா மாமியை அனுப்பினார். செல் விழுந்து வெடித்த சத்தம் மற்றச் சத்தங்களைப் போலத்தான் கேட்டது. நாங்கள் பங்கருக்குள்ளிருந்து ஏறிப் பார்த்தபோது கரையில் கறுப்புப் புகை எழுந்துகொண்டிருந்தது. மாமா ஓடினார். திரும்பி வரும்போது மாமியைத் தூக்கிக்கொண்டு வந்தார். எரிந்துகொண்டிருந்த வள்ளத்தை யாரும் அணைக்கவில்லை.

மாமியைத் தறப்பாளுக்குப் பின்னால் மணலில் புதைத்தோம். சுவாமியார் இல்லை. அம்மாதான் செபம் சொன்னார். அன்று செய்தி நேரத்தில் மாமா றேடியோவைத் தொடவில்லை. தம்பிதான் பழக்கத்தில் திருகிவிட்டான். பொதுமக்களின் உயிரிழப்புக் குறித்துப் பெரிய நாடு ஆழ்ந்த கவலை தெரிவித்திருப்பதாகச் சொன்னார்கள். மாமி இறந்தது அவர்களுக்கு அதற்குள் தெரிந்துவிட்டது என்று நான் நினைத்தேன். அதை மாமாவிடம் சொல்லவும் செய்தேன். "ஓம் பிள்ளை" என்று மட்டும் சொன்னார்.

பிறகு நீரேரியைக் கடந்து வந்ததும், வவுனியா முகாமில் கிடந்ததும் எல்லோரும் பட்ட கதைதான். முகாமிலிருந்து விட்டதும் நெளுக்குளத்தில் உறவினர் ஒருவரின் வீட்டில் இரண்டு அறைகளில் தங்கினோம். அம்மா மாமாவை ஒரு சொல்லும் குறை சொல்லவில்லை. ஆனால் அவரை அண்ணை என்று கூப்பிடுவதையும் நிறுத்திவிட்டார். சொல்ல வேண்டியதை எங்களிடம் சொல்வார். நாங்கள் மாமாவிடம் சொல்வோம். பெரியவர்கள் ஏதோ கோபத்தில் இருக்கிறார்கள் என்று நினைத்து, அதற்கும் பழகிவிட்டோம்.

நான் இப்போது கிளிநொச்சியில் பிள்ளைகளுக்கு ஆங்கிலம் படிப்பிக்கிறேன். கவலை என்று றேடியோ மொழிபெயர்த்த 'கன்சேர்ன்' என்ற அந்த ஆங்கிலச் சொல், எதையும் செய்ய விரும்பாதவர்களுக்கு எவ்வளவு வசதியானது என்று இன்று தெரியும். எங்கேயோ ஒரு நகரம் எரிகிற படத்தோடு கைத்தொலைபேசியில் அதே சொல் வரும்போது, அங்கே எந்த மாமா யாரைப் போகவிடாமல் இருத்தி வைத்திருக்கிறாரோ என்றுதான் யோசிப்பேன்.

நெளுக்குளத்து வீட்டில் ஒரு பழைய தொலைக்காட்சி இருந்தது. ஒருநாள் மத்தியானம் அதில், தொலைவில் ஒரு பாலைவன நாட்டுச் சண்டையைக் காட்டினார்கள். சனங்களைக் காப்பாற்றவென்று சொல்லிப் பெரிய நாடுகள் கப்பல்களையும் விமானங்களையும் அனுப்பியிருந்தன. அந்த நாட்டுச் சனங்களுக்கும் பிறகு விடியவில்லை என்பதை வளர்ந்த பிறகுதான் வாசித்தேன். அன்று திரையில் சாம்பல் நிறக் கப்பல் ஒன்று கடலைக் கிழித்துக்கொண்டு வந்தது. மாமா கதிரையை விட்டு எழும்பித் திரைக்குக் கிட்டப் போய் நின்றார்.

"உந்தச் சனங்கள் எங்களைவிட என்னத்தைக் கூடச் சொல்லிக் கேட்டதுகள்?" என்று யாரிடமும் இல்லாமல் கேட்டார். "எங்கடையிலை என்ன பிழை?" கண்ணீர் தாடிக்குள் இறங்கியது. அந்த நாட்டுச் சனம் தப்பிவிட்ட சந்தோசத்தில் அழுகிறார் என்று நான் எடுத்துக்கொண்டேன்.

அம்மா குசினியிலிருந்து கோப்பையில் சோற்றோடு வந்தார். தொலைக்காட்சியை நிறுத்தினார். சோற்றை மாமாவின் கையில் கொடுத்தார்.

"அண்ணை, ஆறப்போகுது. இருந்து சாப்பிடுங்கோ."

மாமா கோப்பையைப் பிடித்தபடி அம்மாவையே பார்த்துக்கொண்டு நின்றார். எனக்கு அம்மாவின் மேல் கோபம் கோபமாக வந்தது. கப்பல் கரைக்குக் கிட்ட வருகிற நேரம் பார்த்து நிறுத்திவிட்டாவே, சோறு கொஞ்சம் பொறுக்காதா என்று தம்பியோடு முணுமுணுத்துக்கொண்டு முற்றத்துக்கு இறங்கிப் போனேன்.