தாலேலோ முடியும் வரை

மலாயாவில், பெக்கோக் பக்கத்து எங்கள் ரப்பர் தோட்டத்தில், கண்ணபிரான் அவதரித்த நன்னாளில், பஜனைக் கொட்டகையிலே எம்பெருமானைத் திருத்தொட்டிலில் எழுந்தருளப் பண்ணுவோம். விழாச் செலவை ஏற்கும் உபயகாரர் கயிற்றைப் பிடித்து ஆட்டுவார். பாடுகிறவர் கடைசித் தாலேலோவைச் சொல்லும்வரை அவர் கயிற்றை விடலாகாது. விட்டால் பிள்ளையின் உறக்கம் கலைத்த குற்றம் அவர் வீட்டைச் சேரும். உபயம் எப்போதும் எங்களை வேலை வாங்கும் கங்காணியாருடையது. தாலாட்டைத் தானே கட்டிப் பாடுகிறவள் என் மனைவி.

அவ்வாண்டு அவள் பாடுவாள் என்று நான் எண்ணவில்லை. சில மாதங்களுக்கு முன் எங்கள் மகன் காய்ச்சலில் இறந்திருந்தான். அவன் இறந்த அன்று காலைப் பெரட்டில், பெயர் கூப்பிடும் வேளையில், பிள்ளையோடு வீட்டில் இருக்கிறேன் என்று அவள் கெஞ்சினாள். கங்காணியார் விடவில்லை. ரப்பர் மரங்களில் பால் எடுத்து முடித்து, பிள்ளைகளை விட்டுப்போகும் ஆயாக் கொட்டகைக்கு அவள் ஓடியபோது அவன் உடல் குளிர்ந்திருந்தது. அதன்பின் அவள் அவனைப் பற்றிப் பேசவில்லை, அழவுமில்லை. நாங்கள் குடியிருந்த லயத்து வீட்டின் உத்தரத்தில் அவனுக்குக் கட்டிய சேலைத் தூளி அப்படியே தொங்கியது. அதைத் தொட எனக்கும் துணிவில்லை.

அவள் தொட்டிலருகே வந்ததும் ஒருத்தி முணுமுணுத்தாள்: "பிள்ளய வாரிக் குடுத்தவ முன்னால வரலாமா?"

"பரவால்ல, பாடட்டும்," என்றார் கங்காணியார், கயிற்றை இழுத்தபடி.

ஆயர்பாடியில் தொடங்கிய பாட்டு மூன்றாம் கண்ணியில் எங்கள் தோட்டத்துக்கு வந்துவிட்டது.

"காய்ச்சலுன்னு கெஞ்சி நின்னேன், கண்ணே தாலேலோ
பாலெடுக்கப் போன்னாரே, பாலா தாலேலோ
மரத்துப்பால் வாளியிலே, மார்ப்பால் சேலையிலே
வந்து பார்த்தேன், தூங்கிட்டியே, மன்னா தாலேலோ."

கங்காணியார் என் பக்கம் குனிந்தார். "டேய், உன் பொண்டாட்டிய நிறுத்தச் சொல்லு. நாளைக்கு லயத்துல இருக்கணுமா வேணாமா?"

எம்பெருமான் திருமுகத்தையே பார்த்துக்கொண்டு கைத்தாளத்தைத் தொடர்ந்து தட்டினேன். "நடுவுல நிறுத்தக் கூடாதுங்களே."

பின்வரிசையிலிருந்து ஒரு கிழவி, "கயித்த விட்டுராதீங்க கங்காணியாரே, சாமி முழிச்சுக்கும்!" என்றாள். யாரோ சிரித்து, சட்டென்று வாயை மூடிக்கொண்டார்.

கயிறு கிறீச்சிட்டபடி இருந்தது. காட்டோரம் தோண்டிய சிறு குழியைப் பாடினாள். அவன் பெயரையும் சொன்னாள். கங்காணியாரின் சட்டை முதுகோடு ஒட்டியிருந்தது. கடைசித் தாலேலோ வரவேண்டிய இடத்தில் அவள் நிறுத்திக்கொண்டாள்.

"முடிச்சிரும்மா," என்றார் அவர். அவளை அவர் அம்மா என்றது அன்றுதான்.

"இன்னும் தூங்கலைங்க."

அவர் தலைகுனிந்து ஆட்டினார். அவள் மறுபடியும் முதலிலிருந்து, காய்ச்சலிலிருந்து, பாடினாள். அவர் நிமிரவேயில்லை. பிறகுதான் அந்தத் தாலேலோவைச் சொன்னாள். சொல்லி முடிக்குமுன் குரல் உடைந்து அழுதாள். கயிற்றை விட்ட கங்காணியாரின் கை காற்றில் இன்னும் ஆடிக்கொண்டிருந்தது.

வீட்டுக்கு வந்ததும் முக்காலியில் ஏறித் தூளியின் முடிச்சை அவளே அவிழ்த்தாள். விடிந்ததும் அந்தச் சேலையை உடுத்திக்கொண்டு பெரட்டுக்குப் போனாள். கங்காணியார் அவள் பெயரை நிலத்தைப் பார்த்துக்கொண்டே கூப்பிட்டார்.