பழவேற்காட்டிலிருந்து பாரிமுனையை வரைகிறேன்

போட்டோவைப் பார்த்து, போட்டோ மாதிரியே படம் வரைவது என் தொழில். ‘அதான் போட்டோவே இருக்கே, அப்புறம் எதுக்கு?’ என்ற கேள்விக்குப் பதில் சொல்வது அதைவிடப் பெரிய தொழில்.

பழவேற்காடு ஏரிக்கும் கடலுக்கும் நடுவில் இருக்கிற மணல் திட்டில் எங்கள் குப்பம். என்னைப் பெற்ற நைனா கடலுக்குப் போனவர். கணவர் ஏழுமலை இப்போதும் போகிறவர். நான் மட்டும் ஐந்து வருஷம் பொன்னேரி வரை பஸ், அங்கிருந்து ரயில் என்று சென்னைக்குப் போய் ஓவியம் படித்தேன். தினமும் ஜன்னல் வழியாகப் பார்த்த ஊர் கையில் ஒட்டிக்கொண்டுவிட்டது. கட்டடம், பஸ், கடை போர்டு, கண்ணாடி, இவற்றைத்தான் இருபது வருஷமாக வரைகிறேன். நானே எடுத்த போட்டோவில் கட்டம் போட்டு, கான்வாஸிலும் அதே கட்டத்தைப் பெரிதாகப் போட்டு, ஒவ்வொன்றாக நிரப்ப வேண்டும். ஒரு படத்துக்கு மூன்று நான்கு மாதம் ஆகும். நீங்களும் யாருக்காவது எதையாவது செய்துகொடுத்துப் பிழைக்கிறவர் என்றால், கீழே வருகிறவர்களை ஏற்கெனவே சந்தித்திருப்பீர்கள். பெயர்தான் வேறாக இருக்கும்.

விழுந்த எழுத்து

என் முதல் பெரிய படம் பொன்னேரி கடைத்தெரு. அதில் ஒரு பாத்திரக்கடை. போர்டில் ‘எவர்சில்வர்’ என்பதில் ஒரு ‘ர்’ எப்போதோ விழுந்து ‘எவசில்வர்’ என்று இருந்தது. விழுந்த இடத்தில் தெரிந்த பசைத் தடத்தைக்கூட விடாமல் வரைந்தேன். அங்கேயே ஒரு கல்லூரியில் படத்தை வைத்தார்கள். இரண்டாம் நாளே கடைக்காரர் வந்துவிட்டார். ஊரே வந்து பார்த்துச் சிரிக்கிறதாம். “நான் இன்னாமா பண்ணேன் உனக்கு?” என்றார். உங்கள் போர்டே அப்படித்தான் இருக்கிறது என்றேன். அவர் நம்பவில்லை. விருட்டென்று கிளம்பிப் போனார்.

கடைக்குள்ளேயே இருபது வருஷம் உட்கார்ந்திருந்தவர், அன்றைக்குத்தான் தெருவில் நின்று தலையை நிமிர்த்திப் பார்த்திருக்கிறார். மறுநாள் வந்தார். கோபமெல்லாம் போயிருந்தது. பக்கத்தில் நின்றிருந்த கல்லூரி முதல்வருக்கும் கேட்கிற மாதிரி நிதானமாகச் சொன்னார்: “புது போர்டு மாட்டிட்டேம்மா. இப்போ உன் படம்தான் தப்பு.”

ஒயர்

வெளிநாட்டில் இருக்கும் ஒருவர், தான் பிறந்து வளர்ந்த சவுகார்பேட்டைத் தெருவை வரைந்து தரச் சொன்னார். அந்தத் தெருவில் வானத்தைவிட ஒயர் அதிகம். கரண்ட் ஒயர், கேபிள் டிவி ஒயர், இன்டர்நெட் ஒயர், எதற்கென்று யாருக்குமே தெரியாத ஒயர். மெல்லிய பிரஷ்ஷை வைத்துக்கொண்டு ஒயருக்கு மட்டும் ஒரு மாதம் உட்கார்ந்தேன். முடித்து போட்டோ அனுப்பினால், “சூப்பர் மேடம். அந்த ஒயரை மட்டும் எடுத்துடுங்க, அசிங்கமா இருக்கு” என்றார். எடுப்பதற்கு அது என்ன கொடியில் காயும் துணியா? ஒயர் மேல் வானத்தைப் பூசினேன். அதற்கு இரண்டு வாரம்.

படம் முதலில் அதே தெருவில் இன்னும் குடியிருக்கிற அவருடைய அக்கா வீட்டுக்குப் போனது, கொண்டுபோனது நான். அந்த அம்மா சுற்றிச் சுற்றிப் பார்த்தார். வாசல் படி சரி, சேட்டுக் கடை சரி, ஆனாலும் ஏதோ இடிக்கிறது என்றார். பிறகு கண்டுபிடித்துவிட்டார். தம்பிக்கு வீடியோ கால் போட்டு, என் முன்னாலேயே கேட்டார்: “ஒயரு இல்லாம காக்கா எது மேலடா உக்காரும்?” ஒயர் திரும்ப வந்தது. அதற்கு இன்னொரு மாதம் ஆனது. இதற்கிடையில் ஏழுமலை என்னிடம் கேட்டதையும் எழுத வேண்டும்: “இவ்ளோ ஒயரு இழுக்கறயே, ஈபிகாரன் உன்னை வேலைக்கு எடுத்துக்க மாட்டானா?”

வாசனை

ஆயில் பெயின்ட் காய நாளாகும். எங்கள் குப்பத்தில் எது காய்ந்தாலும் ஒரே காற்றில்தான் காய வேண்டும். என் வீட்டுக்கு இந்தப் பக்கம் நெத்திலி, அந்தப் பக்கம் வாளை, நடுவில் என் கான்வாஸ். முழுக்கக் கண்ணாடியால் ஆன ஐடி கம்பெனிக் கட்டடம் ஒன்றை அப்படித்தான் காயவைத்து, சென்னையில் ஒரு கேலரிக்கு அனுப்பினேன். எனக்கோ மூக்கு பழகிப்போனது, ஒன்றும் தெரியவில்லை. கேலரிப் பெண்மணி பெட்டியைப் பிரித்ததும் ஊதுபத்தி தேடினார்.

திறப்பு விழாவுக்கு நல்ல கூட்டம். கோட்டு போட்ட ஒருவர் அந்தப் படத்தின் அருகே போனார், இன்னும் அருகே போனார், மூக்கு கான்வாஸைத் தொடும் அளவுக்குப் போனார். நுணுக்கத்தைப் பார்க்கிறார் என்று எனக்குப் பெருமை. திரும்பி, ரொம்ப மரியாதையாகக் கேட்டார்: “இந்த ஆபீஸ் கேன்டீன்ல கருவாட்டுக் கொழம்பு உண்டா மேடம்?”

கடலில் ஒரு ஸ்டேஷன்

எங்கள் ஊர் தேசப்பன் புது ஃபைபர் போட் வாங்கினார். எல்லோரும் போட்டில் அம்மன் படம், நடிகர் படம் போடுவார்கள். அவருக்கு பொன்னேரி ரயில்வே ஸ்டேஷன் வேண்டும். பெண் பார்த்ததே அந்த ஸ்டேஷனில்தானாம், அங்கேதான் அவருடைய மனைவி சம்மதமென்று தலையாட்டினாராம். போட்டின் இரண்டு பக்கமும் வரைந்தேன். மஞ்சள் போர்டு, சிமென்ட் பெஞ்ச், குடிதண்ணீர்க் குழாய், கைப்பிடிச் சுவரில் காயும் யாரோ ஒருவரின் துண்டு, எதையும் விடவில்லை.

வாடைக்காற்று ஓய்ந்து போட் கடலில் இறங்கியது. அடுத்த வாரமே தேசப்பனுக்குச் சொந்தப் பெயர் போய்விட்டது. கூடப் போன ஏழுமலை வந்து சொன்னார், வயர்லெஸ்ஸில் இப்படித்தான் கூப்பிடுகிறார்களாம்: “பொன்னேரி ஸ்டேஷன், பொன்னேரி ஸ்டேஷன்! உன் ரெண்டாம் பிளாட்பாரம் பக்கம் மீனு போவுது பாரு!”

பஸ் கண்ணாடியில் ஒரு ஆள்

பக்கத்து வீட்டு அஞ்சலையின் கணவர் பலராமன் மூன்று வருஷமாக ஊரில் இல்லை. முகத்துவாரத்தில் அலை தூக்கி போட் கவிழ்ந்ததில் அவருடைய தம்பி போய்விட்டான். அன்றைக்கு இன்ஜின் பிடித்திருந்தவர் பலராமன். காரியம் முடிந்த மறுநாள் பொன்னேரிக்குப் போய்வருகிறேன் என்று கிளம்பினார், அவ்வளவுதான். வருஷம் ஏற ஏற, அவரும் இல்லை என்றே ஊரில் பேச ஆரம்பித்தார்கள். தாலியைக் கழற்றச் சொல்லி அஞ்சலையின் அண்ணன்களே வந்து உட்கார்ந்தார்கள். அஞ்சலை கூடையைத் தூக்கிக்கொண்டு மீன் விற்கப் போய்விடுவாள்.

ஒருநாள் காலையில் எனக்கு இறால் கொடுக்க வந்தவள், வரைந்துகொண்டிருந்த படத்தின் முன்னால் கூடையோடு நின்றுவிட்டாள். படத்தில் பாரிமுனை பஸ் ஸ்டாப். நிற்கிற பஸ்ஸின் கண்ணாடியில் எதிர்ப்பக்கத்து டீக்கடை தெரிகிறது. அங்கே கட்டைவிரல் நகம் அளவுக்கு ஒரு ஆள். “இது அவரு நிக்கிறாப்பல கீது” என்றாள். பிறகு அவளே, “இல்லக்கா. அவருக்கு எடது தோளு சாஞ்சிருக்கும். இதுல வலதுல்ல சாஞ்சு கீது?” என்று கூடையை எடுத்தாள். அஞ்சலை, இது கண்ணாடியில் தெரிகிற ஆள், இடது வலதாகத்தான் தெரியும் என்றேன். அவள் கூடையைக் கீழே வைத்தாள். கம்ப்யூட்டரில் போட்டோவைப் பெரிதாக்கிப் பார்த்தோம். முகமே இல்லை, வெறும் புள்ளிகள். நான் எடுத்து மூன்று மாதம் ஆகியிருந்தது. தப்பாக இருந்துவிட்டால் என்ன செய்வாள் என்று நான் பயந்துகொண்டிருந்தபோதே அவள் சேலை மாற்றிக்கொண்டு வந்துவிட்டாள்.

பஸ், ரயில், பீச் ஸ்டேஷனிலிருந்து நடை. டீக்கடையில் முதுகைக் காட்டிக்கொண்டு ஒருவர் கிளாஸ் கழுவிக்கொண்டிருந்தார். இடது தோள் சாய்ந்திருந்தது. அஞ்சலை கூப்பிடவில்லை, பக்கத்தில் போய் நின்றாள். அவர் திரும்பிப் பார்த்தார். கையிலிருந்த கிளாஸை மெதுவாக வைத்துவிட்டு பிளாட்பாரத்திலேயே உட்கார்ந்து அழுதார். அந்த மாதமே அவர் ஊருக்கு வந்துவிட்டார். கடலுக்குப் போவதில்லை, ஏரியில் நண்டு வலை போடுகிறார். தாலிப் பேச்சை எடுத்த அண்ணன்களுக்கும் நண்டு போகிறது. ஆனால் அன்றைக்கு அந்த பிளாட்பாரத்தில், “எந்த மூஞ்சிய வச்சுகினு ஊருக்கு வருவேன்?” என்று அவர் கேட்டதற்கு அஞ்சலை சொன்னதை அப்படியே எழுதிவிடுகிறேன்: “மூஞ்சி வாணாம், அது படத்துலயே தெரியல. தோளோட வா, போதும்.”

கண்

போன வருஷம் எனக்குக் கண்ணில் புரை என்றார் பொன்னேரி டாக்டர். நாற்பத்தாறு வயதில் புரையா என்று கேட்டேன். “வெயில்ல மணல்லயே இருக்கீங்க, வரும்மா” என்றார். அதோடு விட்டிருக்கலாம். புரை இருந்தால் எல்லாமே கொஞ்சம் மஞ்சளாகத்தான் தெரியும் என்றும் சொல்லிவிட்டார். உள்ளது உள்ளபடி என்று சொல்லித்தான் என் படங்களை அனுப்பிக்கொண்டிருந்தேன். ஆபரேஷனுக்குப் பயந்ததைவிட, இரண்டு வருஷமாக வரைந்த ஆறு படமும் தப்பான நிறமோ என்று பயந்ததுதான் அதிகம். ஊருக்கெல்லாம் போன் போட்டு மன்னிப்பு கேட்பதாகக் கற்பனைகூட செய்துவிட்டேன்.

ஆபரேஷன் முடிந்து, கட்டுப் பிரித்து வீட்டுக்கு வந்ததும் அனுப்பாமல் வைத்திருந்த படத்தை வெளிச்சத்தில் வைத்து, பக்கத்தில் அதன் போட்டோவையும் வைத்தேன். வானம் முன்பைவிட நீலமாக இருந்தது, படத்திலும் போட்டோவிலும். சுவர் வெளுத்திருந்தது, படத்திலும் போட்டோவிலும். அப்புறம்தான் புரிந்தது: போட்டோவை எந்தக் கண்ணால் பார்த்தேனோ அதே கண்ணால்தானே படத்தையும் பார்த்தேன். நிறம் ஒரு இடத்திலும் பிசகவில்லை. ஏழுமலை இரண்டையும் மாறி மாறிப் பார்த்துவிட்டுச் சொன்னார்: “கண்ணு கெட்டும் காப்பி கரெக்டாதான் அடிச்சிருக்கே!”

இருபது வருஷமாக உள்ளதை உள்ளபடி வரைந்து நான் தெரிந்துகொண்டதெல்லாம், உள்ளது எது என்பதில் வரைகிறவளைத் தவிர மற்ற எல்லோருக்கும் ரொம்பத் தெளிவு இருக்கிறது என்பதுதான்.