ஓரகத்தியின் காந்தத்தட்டு

எலும்பு முறிவு வார்டில் அவளைத் தூக்கம்மா என்றுதான் கூப்பிடுவார்கள். புதிதாக வரும் நோயாளிகள், வேலை நேரத்தில் தூங்குகிறவள் போலிருக்கிறது என்று நினைத்துக்கொள்வார்கள். அக்குளில் ஒரு கை, இடுப்பில் ஒரு கை கொடுத்து ஒரே மூச்சில் அவர்களைத் திருப்பிப் படுக்கவைத்த பிறகுதான் பெயரின் பொருள் புரியும். பதினாறு வருடமாக அங்கே ஆயா வேலை. "உன் கை இருக்கிற வரைக்கும் எனக்குக் கவலையில்ல" என்று தலைமை நர்ஸ் எப்போதோ சொன்னதை வீட்டில் ஐம்பது தடவையாவது சொல்லியிருப்பாள்.

காந்தத்தின் வடமுகம் மேலே பார்த்திருந்தால் அதன்மேல் இருப்பதன் கனம் குறையும். தென்முகம் பார்த்திருந்தால் கூடும். சின்னப் பிள்ளைகளுக்கும் தெரிந்த விஷயம். கிடங்குகளில் மூட்டை ஏற்ற வெகுகாலமாகவே காந்தம் வைத்திருந்தார்கள். மனிதர்களுக்கு அடியில் வைக்கிற மெல்லிய தட்டு அந்த வருடம்தான் வந்தது. அதற்குப் பயிற்சி பெற்று அதே வார்டில் வேலைக்குச் சேர்ந்தவள் அவளுடைய ஓரகத்தி, கொழுந்தனின் மனைவி.

ஊதினால் பறந்துவிடும் உடம்பு அவளுக்கு. விரிப்புக்கு அடியில் தட்டைச் செருகி, பத்து எண்ணிவிட்டு, இரண்டு விரலால் ஆளைப் புரட்டுவாள். "வலியே தெரியலம்மா!" என்பார்கள் நோயாளிகள். ஒரே வாரத்தில், தூக்கம்மா கட்டிலருகே போனாலே, "அந்தச் சின்னப் பொண்ணு வராதா?" என்று கேட்க ஆரம்பித்தார்கள்.

அப்படிக் கேட்டவர்களின் கட்டில் எண் எல்லாம் தூக்கம்மாவுக்கு மனப்பாடம். வீட்டில் இன்னும் மோசம். "சின்னவ கைராசி யாருக்கு வரும்?" என்று மாமியார் மெச்சினாள்.

"கையா தூக்குது? தட்டு தூக்குது!" என்று பாத்திரத்தை நங்கென்று வைத்தாள் தூக்கம்மா. மாலையில் இடுப்புக்குத் தைலம் தேய்த்தபடி உட்கார்ந்திருக்கும்போது, எதிரே ஓரகத்தி ஏதோ ஒரு பாட்டை முணுமுணுத்துக்கொண்டு துணி மடிப்பாள். அந்த வலிக்காத முதுகைப் பார்க்கப் பார்க்க வயிறு எரியும்.

ஒரு நாள் காலை, இடுப்பெலும்பு முறிந்து படுத்திருந்த லேத் பட்டறைக்காரரைத் திருப்ப வேண்டியிருந்தது. தொண்ணூற்றைந்து கிலோ. முதுகு வலிக்கிறது என்று அவருக்கு வெந்நீர் ஒத்தடப்பை கொடுத்திருந்தார்கள். அது விரிப்புக்கு அடியில் நழுவிப் போய்த் தட்டின்மேல் கிடந்தது. சூடு பட்டால் காந்தம் சோர்ந்துவிடும் என்று, தட்டு வார்டுக்கு வந்த அன்றே எல்லோருக்கும் விளக்கிச் சொல்லியிருந்தார்கள். தூக்கம்மாவும் பின்வரிசையில் நின்று கேட்டவள்தான். விரிப்புக்கு வெளியே பையின் மூலை நீட்டிக்கொண்டிருந்ததைப் பார்த்தாள். ஓரகத்தி மறுபக்கம் நின்றாள், அவளுக்குத் தெரியவில்லை.

சொல்ல வாய் திறந்தாள். அதற்குள் பட்டறைக்காரர், "நீ தொட்டா பூ மாதிரி இருக்கும்மா" என்று ஓரகத்தியிடம் சொன்னார். தூக்கம்மா வாயை மூடிக்கொண்டாள்.

எண்ணி முடித்து ஓரகத்தி அவரைப் புரட்டினாள். பாதி திரும்பியவருக்குச் சட்டென்று முழுக் கனமும் திரும்பி வந்தது. மொத்த உடம்பும் அவள் பக்கமாகச் சரிந்தது. அவள் மணிக்கட்டு கட்டில் கம்பிக்கும் அவர் தோளுக்கும் நடுவே மாட்டிக்கொண்டது. "அக்கா!" என்று அலறினாள்.

தூக்கம்மா பாய்ந்து போய் அவரை இரண்டு கையாலும் வாரித் தூக்கினாள். அவருக்கு ஒன்றும் ஆகவில்லை. ஓரகத்தியின் மணிக்கட்டு மட்டும் வீங்கிப்போனது.

அன்று வார்டே தூக்கம்மாவைக் கொண்டாடியது. "தட்டு என்ன தட்டு, நம்ம ஆள் நம்ம ஆள்தான்" என்றார்கள். இத்தனை மாதம் ஏங்கியது இதற்குத்தான்.  கவனக்குறைவு என்று ஓரகத்திக்கு எழுதின கடிதம் தலைமை நர்ஸின் மேசைமேல் கையெழுத்துக்குக் கிடப்பதைப் பார்த்தாள்.

"சிஸ்டர், அத கிழிச்சிடுங்க. பை இருந்தத நான் பாத்தேன். சொல்லல."

"ஏன்?"

"சொல்லத் தோணல" என்றவள், பிறகு, "தோணிச்சு. வேணும்னே சொல்லல" என்றாள்.

ஒரு மாதம் அவளைச் சலவைப் பகுதிக்கு மாற்றினார்கள். வீட்டில் ஓரகத்தி கட்டுப்போட்ட கையோடு வந்து எதிரே நின்றாள்.

"எம்மேல என்ன கோபம்க்கா?"

"கோபம் இல்ல. பொறாமை."

"அந்தாள் கீழ விழுந்திருந்தா?"

 ஓரகத்தி அந்த மாதம் முழுக்க அவளோடு பேசவில்லை. மாமியாரிடம் மட்டும் விஷயத்தைச் சொல்லாமல் விட்டாள். அந்தப் பெருந்தன்மையும் தூக்கம்மாவுக்கு எரிச்சலாகத்தான் இருந்தது.

வார்டுக்குத் திரும்பியபோது எல்லாக் கட்டிலுக்கும் தட்டு வந்திருந்தது. அவளும் கற்றுக்கொண்டே ஆக வேண்டும்; சொல்லிக்கொடுக்க வேண்டியவள் ஓரகத்தி. "இங்க பிடிங்க", "இப்ப எண்ணுங்க" என்பதற்கு மேல் அவள் ஒரு வார்த்தை பேசவில்லை. மூன்றாம் நாள் தூக்கம்மா ஒரு கிழவரை இரண்டு விரலால் புரட்டினாள். இறகு மாதிரி வந்தார். அது அவளுக்குப் பிடித்துவிட்டது. பிடித்துப்போனதே என்று கடுப்பாகவும் இருந்தது.

"நல்லா வருதா?" என்று விரிப்பை இழுத்துச் சரிசெய்தபடி ஓரகத்தி கேட்டாள்.

"ம், வருது" என்றாள் தூக்கம்மா, அவள் முகத்தைப் பார்க்காமலே.